பாவரோவிலிருந்து சாண்டோ டொமிங்கோ: ஒரு பகலில் எவ்வளவு பார்க்கலாம்?

டொமினிக்கன் குடியரசின் கிழக்கு முனையில், புந்தா கானா – பாவரோ கடற்கரை விடுதிகளில் தங்குகிறவர்கள் ஒரு நாளையாவது தலைநகர் சாண்டோ டொமிங்கோவுக்கு ஒதுக்க வேண்டும். ஐரோப்பியர் அமெரிக்கக் கண்டங்களில் அமைத்து, இன்றுவரை மக்கள் இடைவிடாமல் வாழ்ந்துவரும் நகரங்களில் இதுவே மூத்தது. வழிகாட்டியுடன் பேருந்தில் போய் வரும் ஒருநாள் பயணத்தை எல்லா விடுதிகளிலும் விற்கிறார்கள். பணம் கட்டுவதற்கு முன் ஒரு கணக்கைப் போட்டுப் பாருங்கள்.

பாவரோவிலிருந்து நகருக்கு ஏறக்குறைய 200 கி.மீ. நெடுஞ்சாலை நன்றாக இருக்கிறது. போக இரண்டரை மணி நேரம், வர இரண்டரை மணி நேரம். காலை ஆறரைக்கு ஏறி மாலை ஏழுக்கு இறங்கினால் மொத்தம் பன்னிரண்டரை மணி நேரம். அதில் சாலைக்கு ஐந்து போய்விடும். ஒவ்வொரு விடுதியாக நின்று ஆட்களை ஏற்றுவதற்கு முக்கால் மணியிலிருந்து ஒரு மணி வரை. வழியில் கழிப்பறைக்கென்று நிறுத்தும் கடையில் அரை மணி. வழியிலுள்ள ஏரிக் குகைக்கு ஒரு மணி, சாப்பாட்டுக்கு ஒரு மணி. கடைசியில் பழைய நகரத்துக்கு மிஞ்சுவது நான்கு மணி நேரம் இருந்தால் அதிகம். நல்ல பயணத்துக்கும் வீணான பயணத்துக்கும் வித்தியாசம் இந்த நான்கு மணி நேரத்தை யார் தின்கிறார்கள் என்பதில்தான் இருக்கிறது.

அதனால் முதலில் கேட்க வேண்டியது, பேருந்தில் எத்தனை மொழிகளில் விளக்கம் சொல்வார்கள் என்பது. ஸ்பானியம், ஆங்கிலம், பிரெஞ்சு என்று மூன்று மொழிக் கூட்டத்தை ஒரே வண்டியில் ஏற்றினால், வழிகாட்டி ஒவ்வொரு வாசலிலும் ஒன்றையே மூன்று முறை சொல்வார். நீங்கள் வெயிலில் நின்றுகொண்டிருப்பீர்கள். ஆங்கிலம் மட்டும் என்று எழுத்தில் உறுதி தருகிறவர்களுக்குப் பத்து டாலர் கூடக் கொடுத்தாலும் தகும். நுழைவுச் சீட்டுகள் எவை எவை கட்டணத்தில் அடக்கம் என்பதையும் கேளுங்கள். நிகழ்ச்சி நிரலில் ‘அல்காசர்’ மாளிகை என்று போட்டிருந்தாலே உள்ளே அழைத்துப் போவார்கள் என்று நம்ப முடியாது. வாசலில் படம் எடுக்கவிட்டு நகர்த்துகிறவர்களும் உண்டு. எந்தக் கிழமை என்பதும் முக்கியம். திங்கட்கிழமை அல்காசரும் காசாஸ் ரியாலெஸ் அருங்காட்சியகமும் மூடியிருக்கும், ஆனாலும் அன்றைக்கும் பயணத்தை விற்பார்கள். ஞாயிறு காலையில் திருப்பலி நடக்கும்போது தேவாலயத்துக்குள் சுற்றிப் பார்க்க முடியாது. செவ்வாய் முதல் வெள்ளி வரை ஏதாவது ஒரு நாளைப் பிடியுங்கள். பயாஹிபே, லா ரொமானா பக்கம் தங்குகிறவர்களுக்குத் தூரம் குறைவு. அவர்களுக்கு நகரத்தில் கூடுதல் நேரம் கிடைக்கும்.

உடை விஷயத்தில் ஏமாறாதீர்கள். தேவாலயத்தில் தோளும் முழங்காலும் மூடியிருக்க வேண்டும், ஆண்களுக்கும்தான். கடற்கரை அரைக்கால் சட்டையோடு வந்தவர்கள் வாசலில் துணி கிடைக்குமா என்று தேடி நிற்பதில் கால் மணி போகும். மெல்லிய பருத்திக் கால்சட்டையே போதும். பழைய நகரம் முழுக்கக் கல் பாவிய தெருக்கள். குகையிலோ ஈரப் படிகள். பின்வார் இல்லாத செருப்பு இரண்டுக்கும் ஆகாது. பேருந்துக் குளிர்சாதனத்தை மிகக் குளிராக வைப்பார்கள், ஒரு சால்வை வேண்டும். பாஸ்போர்ட்டை விடுதிப் பெட்டகத்தில் வைத்துவிட்டு நகல் கொண்டுபோங்கள். பணம் பெசோவில், 100, 200 பெசோ தாள்களாக வைத்திருங்கள். டாலரும் வாங்கிக்கொள்வார்கள், ஆனால் சில்லறைச் செலவுக்கு அவரவர் வாய்க்கு வந்த மாற்று விகிதம்தான். குடிக்கப் பாட்டில் தண்ணீர் மட்டும்.

கிழக்கிலிருந்து வருவதால் முதல் நிறுத்தம் பெரும்பாலும் லோஸ் ட்ரெஸ் ஓஹோஸ், அதாவது ‘மூன்று கண்கள்’. சுண்ணாம்புக் குகையின் கூரை இடிந்து விழுந்த பள்ளத்தில் நிலத்தடி நீர் தேங்கி உண்டான ஏரிகள் இவை. ஒன்றுக்குக் கந்தக ஏரி என்று பெயர்; அதில் கந்தகம் கிடையாது, நீரின் நிறத்தைப் பார்த்து வைத்த பெயர். இன்னொன்று ‘லா நெவேரா’, குளிர்ப்பெட்டி. வெயிலே படாததால் அந்தப் பெயர். அங்கிருந்து கயிற்றைப் பிடித்து இழுக்கும் தெப்பத்தில் அக்கரை போனால் நான்காவது ஏரி, கூரை இல்லாமல் வானம் பார்த்துக் கிடக்கும், சுற்றிலும் செடி கொடி. தெப்பத்துக்குத் தனிக் கட்டணம். நேரம் இருந்தால் அந்த நான்காவதைத் தவறவிடாதீர்கள், நான்கில் அதுதான் அழகு. இறங்கும் படிகள் செங்குத்து; முழங்கால் வலி உள்ளவர்கள் மேல் மேடையிலிருந்தே பார்த்துக்கொள்வது நல்லது. குளிக்க அனுமதியில்லை.

அடுத்தது கொலம்பஸ் கலங்கரை விளக்கம். 1992இல் திறந்த, சிலுவை வடிவில் படுத்துக் கிடக்கும் பிரம்மாண்டமான கான்கிரீட் கட்டடம். வண்டியிலிருந்து பார்த்தாலே போதும். ஆனால் அதற்குள் இருக்கும் எலும்புகளின் கதை தெரிந்திருக்க வேண்டும். கொலம்பஸ் 1506இல் ஸ்பெயினில் இறந்தார். பிறகு எலும்புகளை சாண்டோ டொமிங்கோ தேவாலயத்துக்குக் கொண்டுவந்தார்கள். 1795இல் தீவின் இந்தப் பகுதி பிரான்சின் கைக்குப் போகவே, ஸ்பானியர்கள் ஒரு பெட்டியைத் தோண்டியெடுத்து ஹவானாவுக்கும், அங்கிருந்து பின்னாளில் ஸ்பெயினின் செவியா நகருக்கும் கொண்டுபோனார்கள். 1877இல் இங்கே தேவாலயத்தில் வேலை செய்தபோது கொலம்பஸ் பெயர் பொறித்த ஈயப் பெட்டி ஒன்று கிடைத்தது; கலங்கரை விளக்கத்தில் இருப்பவை அதிலிருந்தவைதான். அப்படியானால் ஸ்பானியர்கள் எடுத்துப்போனது வேறொருவரின் எலும்பு என்பது டொமினிக்கர்களின் வாதம். செவியாவில் இருப்பவை அவருடையவை என்று மரபணுச் சோதனை சொல்கிறது. இங்கிருப்பதைச் சோதிக்க இவர்கள் விடவில்லை. இருப்பவை எலும்புத் துண்டுகள்தான் என்பதால் இரண்டு பக்கமும் உண்மையாக இருக்க வாய்ப்புண்டு.

ஓசாமா ஆற்றைத் தாண்டினால் பழைய நகரம். யுனெஸ்கோ 1990இல் உலக மரபுச் சின்னமாக அறிவித்த பகுதி. கொலம்பஸின் தம்பி பார்த்தொலொமே 1496இல் ஊரை முதலில் அமைத்தது ஆற்றின் கிழக்குக் கரையில். 1502 புயல் அதை அழித்தது. ஆளுநர் நிக்கோலாஸ் தே ஓவாண்டோ ஊரை மேற்குக் கரைக்கு மாற்றி, நேர்த்தெருக்களாகக் கோடு கிழித்தார். அதே புயலுக்குச் சற்று முன் கொலம்பஸ் இந்தத் துறைமுகத்தில் ஒதுங்க இடம் கேட்டார், ஓவாண்டோ மறுத்தார். புயல் வரும் என்ற எச்சரிக்கையையும் மதிக்காமல் ஸ்பெயினுக்குக் கிளம்பிய கப்பல் கூட்டத்தில் பெரும்பகுதி மூழ்கியது. வேறிடத்தில் ஒதுங்கிய கொலம்பஸ் பிழைத்தார்.

பழைய நகரம் சுமார் ஒரு சதுர கிலோமீட்டர்தான். எல்லாம் நடக்கும் தூரம். தேவாலயத்தில் தொடங்குங்கள். பதினாறாம் நூற்றாண்டின் முதற்பாதியில் கட்டி, 1541இல் அர்ச்சிக்கப்பட்டது. 1546இல் அமெரிக்காக்களின் தலைமைப் பேராலயமானது. வடக்கு வாசல் சதுக்கத்தைப் பார்க்கிறது. சிற்ப வேலை நிறைந்த மேற்கு முகப்புதான் தலைவாசலாகக் கட்டப்பட்டது. அதைப் பார்க்காமலே பல குழுக்கள் போய்விடுகின்றன. சுவரின் அருகில் போய் நில்லுங்கள். தேன் நிறக் கல்லில் மடிப்பு மடிப்பாக, மூளைபோல வளைந்த கோடுகளும், நட்சத்திரப் புள்ளிகளும், சிப்பித் துண்டுகளும் தெரியும். பழைய கடலடிப் பவளப் பாறைகளை வெட்டியெடுத்துத்தான் இந்த நகரத்தையே கட்டினார்கள். வெட்ட எளிது, உப்புக் காற்றையும் தாங்கும். துளைகள் நிறைந்திருப்பதால் மழைநீரை உறிஞ்சும். சுவரின் அடிப்பகுதியில் கல் பொடிந்து உதிர்ந்திருக்கும் இடங்களை விரலால் தொட்டுப் பார்க்கலாம்.

1586 ஜனவரியில் ஆங்கிலேயக் கடலோடி பிரான்சிஸ் டிரேக் ஊரைப் பிடித்து, தேவாலயத்தைப் படை முகாமாக்கி, கட்டடங்களை ஒவ்வொன்றாக இடித்துக்கொண்டே பேரம் பேசினார். கடைசியில் 25,000 டியூக்கட் பொற்காசு வாங்கிக்கொண்டு போனார். இந்தக் கதையை எல்லா வழிகாட்டிகளும் சொல்வார்கள். வெளியே சதுக்கத்தில் 1887இல் வைத்த கொலம்பஸ் சிலையின் பீடத்தை மட்டும் வேகமாகக் கடப்பார்கள். அங்கே நின்று கீழே பாருங்கள். கொலம்பஸின் பெயரை எழுதியபடி பீடத்தில் ஏறும் பெண் உருவம், தீவின் பூர்வகுடிகளான தைனோ மக்களின் தலைவி அனகாவோனா. அவரைப் பிடித்துத் தூக்கிலிட்டது அதே ஓவாண்டோ. ஓவாண்டோவின் வீடு இரண்டு தெரு தள்ளி இன்று நட்சத்திர விடுதி. 1511 டிசம்பரில் அந்தோனியோ தே மொன்டெசினோஸ் என்ற டொமினிக் சபைத் துறவி, தைனோ மக்களைக் கொடுமைப்படுத்துகிறவர்களை நேருக்கு நேராக, ‘இவர்கள் மனிதர்கள் இல்லையா?’ என்று கேட்டதும் இந்த ஊரில்தான். கடலோரச் சாலையில் வாயருகே கை வைத்துக் கத்தும் அவருடைய மாபெரும் சிலை நிற்கிறது. பேருந்து அந்த வழியாகப் போகுமா என்று ஓட்டுநரிடம் கேட்டுப் பாருங்கள். பத்தாண்டு கழித்து, 1521 கிறிஸ்துமஸ் நாட்களில், கொலம்பஸின் மகனும் அல்காசரைக் கட்டியவருமான டியேகோவின் கரும்பு ஆலையில் ஆப்பிரிக்க அடிமைகள் கலகம் செய்தார்கள். இவை தெரியாமல் அல்காசரைப் பார்த்தால் அழகான மாளிகை மட்டுமே தெரியும்.

தேவாலயத்திலிருந்து கிழக்கே இறங்கினால் லாஸ் தமாஸ் தெரு, ஐரோப்பியர் இந்தக் கண்டத்தில் முதலில் கல் பாவிய தெரு. தெற்கு முனையில் ஓசாமா கோட்டை. கோபுரத்தின் குறுகிய படிகளில் ஏறினால் ஆறும் கடலும் சேருமிடம் முழுதாகத் தெரியும். அங்கிருந்து வடக்கே நடங்கள். வழியில் தேசிய நினைவகம்: இயேசு சபையின் பழைய கோவில், 1950களில் சர்வாதிகாரி ட்ருஹியோ தன் புகழுக்காக மாற்றியமைத்தது, இன்று நாட்டின் தலைவர்கள் அடங்கியிருக்கும் இடம். உள்ளே தொப்பியைக் கழற்றுங்கள், காவலரோடு பேச்சுக் கொடுக்காதீர்கள். சற்றுத் தள்ளி 1753இல் வைத்த கல் சூரியக் கடிகாரம்.

தெரு முடியுமிடத்தில் ஸ்பானியச் சதுக்கமும் அல்காசரும். கொலம்பஸின் மகன் டியேகோ கட்டிய மாளிகை. இதுவும் பவளக்கல்தான். ஆனால் இன்று பார்ப்பதில் கணிசமான பகுதி, இடிபாடாகக் கிடந்ததை 1955க்குப் பிறகு மீட்டுக் கட்டியது. அறைகலன்களும் அந்தக் காலத்தவை என்று வெளியிலிருந்து கொண்டுவந்து வைத்தவை. மேல்மாடத்திலிருந்து ஆற்றைப் பார்க்கும் காட்சிக்காகவே உள்ளே போகலாம். சதுக்கத்தில் ஒரு மரநிழல்கூட இல்லை. இதை நண்பகலில் வைக்கும் நிரல் மோசமானது.

மதியச் சாப்பாடு பெரும்பாலும் பஃபே: சோறு, அவரைக் குழம்பு, கோழி. சைவர்கள் அவரைக் குழம்பை நம்பிச் சாப்பிட வேண்டாம், பன்றி இறைச்சி போட்டு வேகவைப்பது உண்டு. ‘சின் கார்னே, சின் ஹமோன்’ (இறைச்சி இல்லாமல், பன்றி இறைச்சி இல்லாமல்) என்று கேட்டு உறுதி செய்யுங்கள். மொஃபோங்கோ வாழைக்காய்தானே என்று எடுக்காதீர்கள். அதில் வறுத்த பன்றித்தோல் சேர்த்து இடிப்பார்கள். பொரித்த வாழைக்காயான தொஸ்தோனெஸ், வெள்ளைச் சோறு, அவகாடோ பாதுகாப்பு. எந்த எண்ணெயில் பொரித்தது என்பதை மட்டும் கேட்டுக்கொள்ளுங்கள். தனியாகச் சாப்பிட்டால் ரசீதில் 18 சதவீத வரியும் 10 சதவீதச் சேவைக் கட்டணமும் சேரும். பட்டியல் விலையை அப்படியே நம்பி உட்காராதீர்கள்.

பிறகு ‘அருங்காட்சியகம்’ என்று சொல்லிக் கூட்டிப்போகும் நகைக்கடை. இங்கு வாங்கத் தகுந்தவை இரண்டு. லாரிமார், உலகத்தில் இந்த நாட்டின் பராஹோனா மாகாணத்தில் மட்டுமே கிடைக்கும் நீலக்கல். நல்ல கல்லில் நீலத்துக்குள் வெள்ளை, ஆழமில்லாத கடலடியில் வெயில் நெளிவதுபோலப் பரவியிருக்கும். ஒரே சீரான நீலமாக இருந்தால் சந்தேகப்படுங்கள். மென்மையான கல், மோதிரமாகப் போட்டால் சீக்கிரம் கீறல் விழும், பதக்கமாக வாங்குங்கள். மற்றது அம்பர், பழங்காலத்து மரப்பிசின் இறுகிக் கல்லானது. கையில் பிடித்தால் கண்ணாடிபோலச் சில்லிடாது, எடையும் இருக்காது. உப்பு நன்றாகக் கரைந்த நீரில் மிதக்கும், கண்ணாடியும் பெரும்பாலான பிளாஸ்டிக்கும் மூழ்கும். புற ஊதா விளக்கு இருந்தால் காட்டச் சொல்லுங்கள், டொமினிக்கன் அம்பர் நீலமாக ஒளிரும். உள்ளே பெரிய பூச்சி, முழு உருவமாக, மலிவு விலையில் என்றால் வாங்காதீர்கள். ஆமையோட்டு நகை எதுவும் வேண்டவே வேண்டாம். சர்வதேசத் தடை இருக்கிறது, விமான நிலையத்தில் பிடிப்பார்கள். இந்தக் கடையில் முக்கால் மணி ஒதுக்கியிருந்தால், பத்து நிமிடத்தில் வெளியே வந்து வழிகாட்டியிடம் சொல்லிவிட்டுப் பக்கத்துத் தெருக்களில் நடங்கள்.

மாலையில் ஓசாமா பாலங்களில் வாகனங்கள் முட்டி நிற்கும். நாலரைக்குப் பிறகு கிளம்பினால் ஊரைத் தாண்டவே ஒரு மணி நேரம் கூடுதலாக ஆகும். அதனால் வழிகாட்டி நான்கு மணிக்குச் சதுக்கத்துக்கு வரச் சொன்னால், வந்துவிடுங்கள். காலையில் இறங்கும்போதே அவருடைய வாட்ஸாப் எண்ணைக் கேட்டு வாங்குங்கள், பேருந்தின் பதிவெண்ணைப் படம் எடுத்துக்கொள்ளுங்கள். ஒரே நிறப் பேருந்துகள் ஐந்தாறு வரிசையாக நிற்கும். வண்டி ஏறுவதற்கு முன் கழிப்பறைக்குப் போய்வந்துவிடுங்கள். திரும்பும்போது பல வண்டிகள் வழியில் நிற்பதில்லை.