பலகை, பம்ப், இரவுப் பணி ஆட்கள்

சிங்கப்பூரில் மழைவெள்ளம் நாள்கணக்கில் நிற்பதில்லை. கொட்டும், ஏறும், பெரும்பாலும் ஒரு மணி நேரத்திற்குள் வடிந்தும்விடும். கட்டடப் பராமரிப்புக் குழு திட்டமிட வேண்டியது அந்த ஒரு மணி நேரத்துக்குத்தான். 2010 ஜூனில் கடைவீதியான ஆர்ச்சர்ட் ரோடு மூழ்கியது. அதன் பின், அப்பகுதி மழைநீரை வடிக்கும் ஸ்டாம்ஃபர்ட் கால்வாயின் சுமையைக் குறைக்க 38,000 கன மீட்டர் தேக்கத் தொட்டியும் 2 கிலோமீட்டர் மாற்றுக் கால்வாயும் 2018இல் வந்தன. அவை சாலையைக் காக்கும். சரிவுப்பாதை வழியாக நிலத்தடிக் கார் நிறுத்துமிடத்துக்குள் இறங்கும் நீரை வாசலில் பொருத்தும் அலுமினியத் தடுப்புப் பலகைதான் நிறுத்த வேண்டும்.

பலகை சுவரில் தொங்கினால் மட்டும் போதாது. பக்கச் சட்டத்தின் காடியில் மணலும் சிகரெட் துண்டும் அடைந்திருந்தால் அது அடிவரை இறங்காது. விரல் அகல இடைவெளி விழுந்தாலே நீர் சீறிப் பாயும். அடி ரப்பர் வெயிலில் காய்ந்து வெடித்திருந்தாலும் அதே கதிதான். பலகைகளில் 1, 2, 3 என்று பெரிதாக எண் எழுதி, இறுக்கும் சாவியைப் பக்கத்திலேயே கட்டிவைக்க வேண்டும். அலுவலக அலமாரியில் பூட்டிவைத்தால் இரவு இரண்டு மணிக்கு யார் திறப்பது? ஒத்திகையையும் இரவுப் பணி ஆட்களை வைத்து, கடிகாரம் பார்த்து நடத்த வேண்டும். அவர்களில் பலர் தமிழோ வங்காளமோ பேசுபவர்கள். ஆங்கிலத்தில் மட்டும் ஒட்டிய செயல்முறை அட்டை தணிக்கை அதிகாரிக்காக ஒட்டியது, அவ்வளவே.

அடுத்து, நிலத்தடித் தளத்துக்குள் வரும் நீர் சேரும் நீர்க்குழி. வழக்கமாக இரண்டு பம்புகள் இருக்கும்: ஒன்று ஓடும், மற்றது துணை. முதலில் சந்தேகிக்க வேண்டியது, நீர்மட்டம் ஏறியதும் மிதந்து எழுந்து பம்பை ஓடவைக்கும் மிதவை சுவிட்சை. எண்ணெய்ப் பிசுக்கோ பிளாஸ்டிக் பையோ அதை அசையவிடாது. 2017 அக்டோபரில் பீஷான்–பிராடல் எம்ஆர்டி ரயில் சுரங்கத்தில் மழைநீர் புகுந்தபோதும் மிதவை சுவிட்சுகள் வேலை செய்யவில்லை. பொத்தானை அழுத்திப் பம்பை ஓட்டிப் பார்ப்பது சோதனையே அல்ல. குழியில் நீர் நிரப்பி, பம்ப் தானே ஓடத் தொடங்குகிறதா, காவல் அறையில் அபாய மணி ஒலிக்கிறதா என்று பார்க்க வேண்டும். வெளியேற்றுக் குழாயில் நீர் பின்னோக்கி வராமல் தடுக்கும் வால்வு பழுதானால், வெளிக் கால்வாய் நிரம்பியதும் நீர் குழிக்கே திரும்பும். பம்ப் அதே நீரை விடிய விடிய இறைத்துக்கொண்டிருக்கும்.

நாட்டின் நீர் அமைப்பான பொதுப் பயனீட்டுக் கழகத்தின் கால்வாய் நீர்மட்ட எச்சரிக்கை வந்ததும் மின்தூக்கிகளை மேல்தளத்தில் நிறுத்த வேண்டும். கீழே யாரும் இல்லையென்று உறுதிசெய்த பிறகே பலகையை இறக்கலாம். அந்நேரம் பார்த்துக் காரை எடுக்க ஓடி வருவோரைத் தடுக்க ஓர் ஆள் தனியாக வேண்டும். பலகைக்கு இருவர், தடுக்க ஒருவர், காவல் அறையில் ஒருவர். இரவுப் பணியில் இருப்பதே இருவர் என்றால், திட்டத்தை அந்த இருவருக்கேற்பத் திருத்தி எழுத வேண்டியதுதான்.