இல்லாத புத்தகமும் கோட்டை வாசல் கல்லும்

திருகோணமலைக்குப் போகிறேன் என்றதும் யாழ்ப்பாணத்தில் பெரியம்மா சொன்னது ஒன்றுதான்: "கண்ட இடத்தில சாப்பிடாத. பாயோட ஒட்டிப்போடுவாங்கள்." மந்திரம் போட்டு, வந்தவனை ஊர் திரும்ப விடாமல் கட்டிப்போட்டுவிடுவார்கள் என்று மட்டக்களப்பைப் பற்றிய பேச்சு அது. கிழக்கு முழுக்க அதை நீட்டிவிட்டது பெரியம்மாவின் தாராளம்.

பஸ்ஸில் நான் வாசித்துக்கொண்டு போனதும் ஒரு மந்திர நூலைப் பற்றித்தான். நெக்ரோனோமிகன். அமெரிக்க எழுத்தாளர் எச். பி. லவ்கிராஃப்ட் தன் திகில் கதைகளுக்காகக் கட்டிவிட்ட புத்தகம். 1927இல் அதற்கு ஒரு 'வரலாறே' எழுதினார். பித்துப் பிடித்த அரபுக் கவிஞன் அப்துல் அல்ஹஸ்ரத் 730 அளவில் டமாஸ்கஸில் எழுதினானாம். 738இல் பட்டப்பகலில், சனம் பார்த்திருக்க, கண்ணுக்குத் தெரியாத ஏதோ ஒன்று அவனைத் தின்றுவிட்டதாம். 950இல் கிரேக்கத்துக்குப் போனதாம், 1228இல் ஒலாவுஸ் வோர்மியுஸ் லத்தீனில் பெயர்த்தாராம். வோர்மியுஸ் நிஜமான டென்மார்க் அறிஞர்; ஆனால் அவர் பிறந்ததே 1588இல்! பிரதிகள் பிரிட்டிஷ் மியூசியத்திலும் பாரிஸ் தேசிய நூலகத்திலும் இருப்பதாக வேறு எழுதிவைத்தார். அதுதான் வேலை செய்தது என்பேன். பேய்க்கு மயங்காதவனும் நூலகத்தின் பெயரைச் சொன்னால் மயங்கிவிடுவான்.

எல்லாம் என் கற்பனை என்று லவ்கிராஃப்ட் கடிதங்களில் சொல்லிப் பார்த்தார், ஒருவரும் விடுவதாக இல்லை. 1937இல் அவர் போய்ச் சேர்ந்த பிறகு, குறும்பர்கள் நூலகங்களின் புத்தகப் பட்டியல் அட்டைகளுக்கு நடுவில் அந்தப் பெயருக்குப் பொய் அட்டை செருகினார்கள். 1977இல் 'சைமன்' என்ற ஒற்றைப் பெயரில் அதே தலைப்போடு புத்தகமே கடைக்கு வந்துவிட்டது.

இதற்கும் திருகோணமலைக்கும் நடுவில் ஒரு ஆள் நிற்கிறார்: அறிவியல் புனைகதை எழுத்தாளர் ஆர்தர் சி. கிளார்க். 1940இல், எழுத்துலகில் பெயர் எடுக்கும் முன்பே, லவ்கிராஃப்டைக் கிண்டலடித்து ஒரு கதை எழுதியவர். 1956இல் அவரும் நண்பர் மைக் வில்சனும் திருகோணமலையின் சுவாமி மலைக்குக் கீழே கடலில் சுழியோடியபோது தூண்களும் செதுக்கிய கற்களும் கண்ணில் பட்டன. 1622இல் போர்த்துக்கேயர் இடித்துத் தள்ளிய கோணேசர் கோயிலின் மிச்சம். கடலுக்கடியில் ஒரு பேய் நகரத்தைக் கற்பனை செய்தவர் லவ்கிராஃப்ட். அவரைக் கிண்டலடித்தவருக்கு நிஜமாகவே மூழ்கிய கோயில் கிடைத்தது. விதி இப்படியும் விளையாடும்.

இடித்த கோயிலின் கற்கள் கோட்டை கட்டப் போயின. இன்றைக்கு அது பிரெட்ரிக் கோட்டை. கோணேசரிடம் போகிற பாதையே அதற்குள்ளால்தான். உள்ளே திரியும் மான்களைப் பார்க்கிற அவசரத்தில் பலர் வாசலைக் கவனிப்பதே இல்லை. வாசல் கல்லில் பாண்டியரின் இரட்டை மீன் இருக்கிறது, பக்கத்தில் எழுத்து. நான் கிட்டப்போய்க் குனிந்து பார்த்தேன். புள்ளி வைக்காத எழுத்துகள், வரிகளின் ஓரங்கள் உடைந்துபோயிருந்தன. ஒரு 'குள' பிடிபட்டது. கொஞ்சம் கீழே, விரலால் தடவினால் தெரிகிற ஆழத்தில், 'பறங்கி', அதாவது போர்த்துக்கேயர். அந்தச் சொல்லில் விரல் வைத்தபோது சும்மா சொல்லக்கூடாது, உடம்பு சிலிர்த்தது.

அர்ச்சனைத் தட்டோடு திரும்பி வந்த ஒரு ஐயா நின்றார். "தம்பி, அது வாசிக்க விளங்காது. நான் சொல்லுறன்." கல்லைப் பார்க்காமலே சொன்னார்:

"முன்னே குளக்கோட்டன் மூட்டும் திருப்பணியைப்
பின்னே பறங்கி பிரிக்கவே..."

குளக்கோட்டன் கோணேசர் கோயிலுக்குத் திருப்பணி செய்ததாகச் சொல்லப்படும் பழைய மன்னன். அப்புறம் பூனைக்கண், புகைக்கண், செங்கண் என்று அடுத்தடுத்து ஆளப்போகிறவர்கள் வந்தார்கள். எனக்குக் கல்லில் அகப்பட்டதில் ஒரு கண்ணும் இல்லை. பூனைக்கண் ஒல்லாந்தர், புகைக்கண் இங்கிலீசுக்காரர் என்றார் ஐயா. என்னைக் கூட்டிவந்த ஓட்டோக்காரர் விடவில்லை: "இல்லை ஐயா, மாறிச் சொல்லுறீங்கள்." இரண்டு பேரும் வெயிலில் நின்று கண் கண்ணாகப் பிரித்துச் சண்டை பிடித்தார்கள். பறங்கி இடித்த பிறகு பிறந்த பாட்டாகத்தான் எனக்குப் படுகிறது. நடந்து முடிந்ததை முன்பே சொன்னதாகப் பாடுவது நம் புலவர்களுக்குக் கைவந்த கலை. ஆனால் அதை அந்த இடத்தில் சொல்லும் தைரியம் எனக்கு இல்லை. பேச்சை மாற்ற நெக்ரோனோமிகன் கதையை எடுத்துவிட்டேன். ஐயா ஒரு சொல் விடாமல் கேட்டார்.

"இப்ப அது எங்க கிடக்காம்?"

"எழுதவே இல்லை ஐயா. முழுக்கக் கற்பனை."

"லண்டனில ஒண்டு இருக்கெண்டு இப்பதானே சொன்னீர்?"

"அதுவும் அவர் கட்டினதுதான்."

ஐயா ஓட்டோக்காரரைப் பார்த்தார். ஓட்டோக்காரர் என்னைப் பார்த்தார்.

"என்ர பேரன் லண்டனிலதான் இருக்கிறான்," என்றார் ஐயா. "பேரை ஒருக்கா வடிவா எழுதித் தாரும், கேட்டுப் பாக்கச் சொல்லுறன்."