மாந்துவா நாட்குறிப்பு

நவம்பர் 4

இன்று படித்தது 1491-இல் இசபெல்லா தெஸ்தே எழுதிய கடிதம். இத்தாலியில் இந்த மாந்துவாவை ஆண்ட மார்க்கீஸ் (சிற்றரசர்) பிரான்செஸ்கோவின் மனைவி. வயது 16, கல்யாணமாகி ஒரு வருடம்தான். பிரான்சுக்குப் போகிறவரிடம் 100 டுகாட் (பொற்காசு) கொடுத்து, மேலங்கிக்குக் கறுப்புத் துணி வாங்கிவரச் சொல்கிறாள். கஜம் 10 டுகாட் ஆனாலும் பரவாயில்லை. ஆனால் ஊரில் எல்லாரும் உடுத்துகிற மாதிரித் துணியென்றால் வேண்டவே வேண்டாம். பணத்தை மிச்சம் பிடிக்கவும் கூடாதாம், கடன் வைத்தாலும் சரியாம். கெட்டிக்காரி.

நவம்பர் 6

அவள் அனுப்பியவற்றில் ஏறக்குறைய 16,000 கடிதங்கள் மிஞ்சியிருக்கின்றன. அனுப்புவதற்கு முன் செயலர்கள் பதிவேட்டில் நகல் எடுத்து வைத்ததால்தான் இத்தனை. ஆனால் எனக்கு வேண்டியவர்கள் அவளுடைய தோழிப்பெண்கள். நல்ல குடும்பத்துப் பெண்கள். வளர்ப்பதும், மாப்பிள்ளை பார்ப்பதும், சீர் கொடுப்பதும் எஜமானி பொறுப்பு. அவர்களுக்கென்று நகல் எடுத்து வைக்க யார் இருந்தார்கள்? அடுத்தவர் கடிதத்தில் ஒரு வரியாக வந்தால் உண்டு.

நவம்பர் 7

மழை. காப்பகம் போகாமல் அரண்மனைக் கோட்டைக்குப் போனேன். ஓவியர் மாந்தென்யா 1474-இல் வரைந்து முடித்த அறை. சுவரில் மார்க்கீஸ் குடும்பம் விறைப்பாக உட்கார்ந்திருக்கிறது. நான் அண்ணாந்து கூரையைத்தான் பார்த்துக்கொண்டிருந்தேன். வட்டத் திறப்பின் விளிம்பில் பெண்கள் எட்டிப் பார்த்துச் சிரிக்கிறார்கள். அவர்களில் ஒருத்தி கறுப்பினப் பெண், தலையில் கோடுபோட்ட துணி. பக்கத்தில் ஒற்றைக் கழிமேல் ஒரு செடித்தொட்டி, அந்தக் கழிமேல் ஒருத்தியின் கை. தள்ளிவிட்டால் நம் தலையில்தான்!

நவம்பர் 10

1497 மட்டும் போதும் மனம் கனக்க. ஜனவரியில் இசபெல்லாவின் தங்கை பெயாத்ரிச்சே, 21 வயதில், பிரசவத்தில் போய்விட்டாள். நவம்பரில் தம்பி மனைவி அன்னா ஸ்ஃபோர்ட்சா, அதேபோல.

நவம்பர் 11

ஒரு வழியாகத் தோழிப்பெண்களில் ஒருத்தி அகப்பட்டாள். ப்ரோஞ்ஞினா. 1513 தொடக்கத்தில் இசபெல்லா தோழிப்பெண்களோடு மிலானில் தங்கியிருக்கிறாள். அங்கே ஸ்பெயின் படைத்தலைவர் கார்டோனா ப்ரோஞ்ஞினாமேல் மையல் கொண்டு சுற்றுகிறார். இசபெல்லாவுக்கு அது தெரியாமலா இருக்கும்? விருந்துக்கும் நடனத்துக்கும் அழகான பெண்களைக் கூட்டிப்போனதில் அரசியல் கணக்கும் உண்டு என்பது என் எண்ணம். அந்தப் பெண் என்ன நினைத்தாள் என்று கேட்டு எழுதிவைத்தவர் யாருமில்லை.

நவம்பர் 12

ஊரில் பேச்சு கிளம்ப, கணவன் பிரான்செஸ்கோ கோபத்தில் எழுதுகிறான்: தன் இஷ்டப்படி நடக்கிற மனைவி வாய்த்தது வெட்கமாம். 1509-இல் வெனிஸ்காரர்கள் இவனைப் பிடித்து அடைத்தபோது ஆட்சியைத் தாங்கிப் பிடித்தவள் அவள்தான். அவளும் விடவில்லை: எந்தக் கணவனும் மனைவிக்குப் பட்டிராத கடன் நீங்கள் எனக்குப் பட்டிருக்கிறீர்கள், உலகத்தில் யாரையும்விட என்னை அதிகமாக நேசித்தாலும் அது தீராது என்று திருப்பி எழுதுகிறாள்.

சண்டை இவர்களுக்குள், பெயர் கெட்டது ப்ரோஞ்ஞினாவுக்கு. 1513-க்கு அப்புறம் வந்த கடிதக் கட்டுகளை நாளைக்குக் கேட்டு எழுதிக் கொடுத்திருக்கிறேன்.