எக்ஸ்போர்ட் பட்டனுக்குப் பின்னால் இருக்கும் லைப்ரரி: வைவாவுக்குப் படிக்கும் தம்பி தங்கைகளுக்கு

கோவைப் பக்கம் சிஸ்டம் சாஃப்ட்வேர் லேப் படிப்பவர்களில் நிறைய பேர் ஷேர்டு லைப்ரரியை (பல புரோகிராம்கள் பகிர்ந்து பயன்படுத்தும் தனி கோட் பைல்) இரண்டு பக்க நோட்ஸில் முடித்துவிடுகிறார்கள். ஸ்டாட்டிக்குக்கும் (கட்டும்போதே புரோகிராமுக்குள் சேர்ப்பது) டைனமிக்குக்கும் (ஓடும்போது இணைப்பது) வேறுபாடு எழுத அது போதும். வைவாவில் "சரி, ஓடும்போது லைப்ரரி கிடைக்கலைன்னா?" என்று கேட்டால் போதாது. எனக்கு இந்தப் பாடம் பிடிபட்டது கோவை கணபதியில், வார்ப்புக்கு மாதிரி செய்யும் ஒரு பேட்டர்ன் ஷாப்பில்.

அங்கிருந்த அண்ணன் ஒரு பம்ப் இம்பெல்லர் (பம்ப்பில் சுழலும் சக்கரம்) மாடலை பிளெண்டர் என்ற 3டி சாஃப்ட்வேரிலிருந்து ஜிஎல்டிஎஃப் என்ற 3டி வடிவ பைலாக எடுத்து, வாடிக்கையாளருக்குப் போனில் அனுப்பப் பார்த்தார். பைல் பெரிதாக வந்தது. கம்ப்ரெஷன் நடக்கவே இல்லை.

"சாஃப்ட்வேர் நல்லாத்தான ஓடுது கண்ணு, இது மட்டும் ஏன் வரமாட்டீங்குது?"

"அந்த வேலைய பிளெண்டர் நேரா செய்யறதில்லைங்ணா. டிராகோன்னு ஒரு லைப்ரரி இருக்குதுங்க, அதுதான் செய்யும். அந்த பைலு இதுல இல்லீங்க."

டிராகோ, 2017இல் கூகுள் வெளியிட்ட ஓப்பன் சோர்ஸ் லைப்ரரி. மாடலின் புள்ளிகளையும் முக்கோணங்களையும் சுருக்கும். மேலே ஒட்டிய படங்களைத் தொடாது. பிளெண்டரின் ஜிஎல்டிஎஃப் எக்ஸ்போர்ட்டர் பைத்தானில் எழுதியது. அது டிராகோவைத் தனி பைலாக, விண்டோஸில் டிஎல்எல், லினக்ஸில் எஸ்ஓ, தேவைப்படும் நேரத்தில்தான் ஏற்றுகிறது. அதனால் பைல் இல்லாவிட்டாலும் பிளெண்டர் திறக்கும், மாடல் சுழலும், சாதாரண எக்ஸ்போர்ட்டும் நடக்கும். சுருக்கும் வேலை மட்டும் நின்றுபோகும். எந்த இடத்தில் தேடினேன் என்று கன்சோலில் அதுவே சொல்லும். அந்த வரியை முழுதாகப் படியுங்கள். பாதி விடை அதிலேயே இருக்கிறது.

வைவாவுக்கு முக்கியமான இடம் இதுதான். லினக்ஸில் எல்டிடி கட்டளை கொடுத்தால், புரோகிராமைக் கட்டும்போதே இணைத்த லைப்ரரிகளின் பட்டியல் வரும். ஓடும்போது டிஎல்ஓப்பன் என்ற ஃபங்ஷன் மூலம் ஏற்றுபவை அதில் வராது. எக்ஸ்போர்ட், கன்வெர்ஷன் பிளக்இன்கள் பலவும் இந்த இரண்டாவது வகை. ஆகவே எல்டிடி எல்லாம் சரி என்று காட்டியும் எக்ஸ்போர்ட் தோற்கலாம். அப்போது எல்டிடியை அந்த எஸ்ஓ பைலின் மேலேயே ஓட்டிப் பாருங்கள். நம்பிக்கையில்லாத பைலாக இருந்தால் எல்டிடி வேண்டாம், சில சூழலில் அது பைலை இயக்கியே பார்த்துவிடும். பைலை இயக்காமல் உள்ளே இருப்பதை மட்டும் படிக்கும் ரீட்எல்ஃப் கட்டளை போதும்.

லினக்ஸில் லோடர், அதாவது லைப்ரரிகளை ஏற்றும் புரோகிராம், தேடும் வரிசையையும் மனதில் வையுங்கள். பைலுக்குள் ரன்பாத் (லைப்ரரியைத் தேட வேண்டிய இடம்) எழுதியிருந்தாலும் எல்டி லைப்ரரி பாத் மாறியில் உள்ள இடங்களைத்தான் லோடர் முதலில் பார்க்கும். அடுத்து ரன்பாத், பிறகு எல்டிகான்ஃபிக் கட்டளை உருவாக்கும் கேஷ் (லைப்ரரிகள் இருக்கும் இடங்களின் பட்டியல்), கடைசியாக வழக்கமான லிப் ஃபோல்டர்கள். புது லைப்ரரி போட்டதும் எல்டிகான்ஃபிக் ஓட்டச் சொல்வது அந்தக் கேஷைப் புதுப்பிக்கத்தான்.

விண்டோஸில் எல்லோரையும் குழப்புவது வேறு. டிஎல்எல் கண்முன்னே ஃபோல்டரில் இருக்கும், ஆனாலும் "மாட்யூல் கிடைக்கவில்லை" என்று 126ஆம் எண் பிழை வரும். பெரும்பாலும் காணாமல் போனது அந்த டிஎல்எல் நம்பியிருக்கும் இன்னொன்று. விஷுவல் சி பிளஸ் பிளஸ் ரீடிஸ்ட்ரிபியூட்டபிள் (அதில் கட்டிய புரோகிராம்கள் ஓடத் தேவையான மைக்ரோசாஃப்ட் தொகுப்பு) இல்லாத கம்ப்யூட்டரில் இது அடிக்கடி நடக்கும். பைத்தான் 3.8 முதல் சிடைப்ஸ் (பைத்தானிலிருந்து டிஎல்எல்லை ஏற்றும் மாட்யூல்) தரும் பிழைச் செய்தியே "அல்லது அது சார்ந்த பைல்களில் ஒன்று" என்று சேர்த்துச் சொல்கிறது. 193ஆம் எண் பிழை வந்தால், 64 பிட் புரோகிராமுக்கு 32 பிட் டிஎல்எல் கொடுத்திருக்கிறதா என்று முதலில் பாருங்கள். இங்கே ஒரு கேள்வி வரலாம்: 64 பிட் விண்டோஸில் சிஸ்டம்32 ஃபோல்டரில் எந்த பிட் பைல்கள்? 64 பிட். 32 பிட் பைல்கள் இருப்பது சிஸ்வாவ்64இல்.

படிக்கும்போது ஒரு சின்ன சி புரோகிராம் எழுதி, ஒரு எஸ்ஓ பைலை நீங்களே உருவாக்கி இணையுங்கள். பிறகு அந்த பைலின் பெயரை மாற்றிவிட்டு ஓட்டுங்கள். எல்டி டீபக் மாறிக்கு லிப்ஸ் என்று மதிப்புக் கொடுத்தால், லோடர் எந்தெந்த ஃபோல்டரில் தேடிப் பார்த்தது என்பது வரிவரியாக ஓடும். எனக்கு நோட்ஸைவிட இதுதான் கைகொடுத்தது.

இன்னொன்று, கடையிலோ புராஜெக்டிலோ டிஎல்எல் இல்லை என்று வந்தால், தனி டிஎல்எல் தரும் ஏதோ ஒரு தளத்தில் இறக்கிப் போடாதீர்கள். பதிப்பு பொருந்தாது, வைரஸும் வரலாம். அந்த அண்ணனுக்கும் பிளெண்டரின் அதிகாரப்பூர்வத் தொகுப்பைத்தான் மறுபடி போட்டுக் கொடுத்தோம். டிராகோ அதிலேயே கூட வந்தது.