தைத்த விரல் மடங்காதபோது: டெனோலிசிஸ் செய்துகொண்ட என் அனுபவம்

கை வெட்டுப்பட்டு, தையல் போட்டு, காயமும் ஆறிவிட்டது. ஆனால் விரல் மட்டும் மடங்க மாட்டேன் என்கிறது. "டெனோலிசிஸ் செய்து பார்ப்போம்" என்று டொக்டர் கிளினிக் கொப்பியில் எழுதிவிட்டார். அது என்ன, இன்னொரு முறை வெட்டத்தான் வேண்டுமா என்று வீட்டில் எல்லாரும் ஆளுக்கொரு விதமாகக் கதைக்கிறார்கள். இந்த நிலையில் இருக்கிறவர்களுக்காகத்தான் எழுதுகிறேன். நான் திருகோணமலை உப்புவெளியில் வீட்டிலிருந்தே தைத்துக் கொடுக்கிறவள். எனக்கு இடது கை நடுவிரலில் இது நடந்தது. நான் தேடிய நேரத்தில் தமிழில் விளக்கமாகச் சொல்ல ஒருவரும் கிடைக்கவில்லை.

டெனோலிசிஸ் என்பது, சுற்றியுள்ள தழும்போடு ஒட்டிப்போன தசைநாணைப் பிரித்து விடுவிக்கிற சத்திரசிகிச்சை. அறுந்ததைத் தைப்பது வேறு. இது ஏற்கெனவே தைத்து ஆறியிருப்பதைத் திரும்ப ஓட வைப்பது. நாங்கள் பேச்சில் எல்லாவற்றையும் "நரம்பு" என்றே சொல்லிவிடுகிறோம். கிளினிக்கில் அப்படிச் சொல்லாமல், விரல் மடங்கவில்லையா அல்லது மரத்துப்போயிருக்கிறதா என்று பிரித்துச் சொல்லுங்கள். மடக்குவது தசைநாணின் வேலை, தொட்டால் தெரிவது நரம்பின் வேலை. எனக்கு இரண்டுமே வெட்டுப்பட்டிருந்தன.

பாரை மீன் வெட்டும்போது கத்தி வழுக்கி, நடுவிரலின் அடிப்பக்கத்தில் குறுக்காக இறங்கியது. வெளியே பார்த்தால் சின்னக் காயம்தான். ஆனால் மற்ற விரல்கள் இயல்பாக வளைந்து கிடக்க, நடுவிரல் மட்டும் விறைத்து நேராக நின்றது. அதைக் கண்டதும் வைத்தியசாலையில் காயத்தை மட்டும் தைத்து அனுப்பாமல் தியேட்டருக்கு எடுத்தார்கள்.

கட்டைவிரல் தவிர்ந்த ஒவ்வொரு விரலையும் மடக்க இரண்டு தசைநாண்கள் இருக்கின்றன. மேலே ஓடுவது நடு மூட்டை மடக்கும், ஆழத்தில் ஓடுவது நுனி வரை போய் நுனி மூட்டை மடக்கும். உள்ளங்கையின் மேல் மடிப்பிலிருந்து விரலின் நடுப்பகுதி வரை இரண்டும் ஒரே இறுக்கமான உறைக்குள் ஓடுகின்றன. சைக்கிள் பிரேக் கம்பி அதன் குழாய்க்குள் ஓடுகிற மாதிரி என்று பிசியோதெரபி தங்கச்சி எனக்கு விளங்கப்படுத்தினாள். கம்பி அறுந்து ஒட்டினாலும், குழாய்க்குள் துருப்பிடித்துவிட்டால் பிரேக் பிடிக்காது. இந்தப் பகுதியைத்தான் ஸ்டெர்லிங் பனெல் என்ற அமெரிக்கச் சத்திரசிகிச்சை நிபுணர் "ஒருவருக்கும் சொந்தமில்லாத நிலம்" என்று அழைத்தார். இங்கே வெட்டுப்பட்டால் அன்றைக்கே தைக்கக்கூடாது என்றுகூட ஒரு காலத்தில் இருந்திருக்கிறது, அவ்வளவுக்கு ஒட்டிப்போகிற இடம். இப்போது தைக்கிறார்கள், தைத்த சில நாட்களிலேயே அசைக்கவும் வைக்கிறார்கள். அப்படியிருந்தும் சிலருக்கு ஒட்டிக்கொள்கிறது. தசைநாண் ஆறுவதும் தழும்பால்தான், மாட்டிக்கொள்வதும் தழும்பால்தான். இது உங்கள் குற்றமும் இல்லை, தைத்தவரின் குற்றமும் இல்லை.

முதல் 6 வாரம் ஸ்பிளின்ட் என்ற தாங்கு கட்டுக்குள் சொன்ன பயிற்சிகளைச் செய்தேன். அது கழன்ற பிறகு நடு மூட்டு பாதிதான் மடங்கியது, நுனி மூட்டு அசையவே இல்லை. தையலில் இடது கைக்கு வேலை இல்லை என்று நினைப்பார்கள். துணியைச் சேர்த்துப் பிடித்துச் சுருக்கு வைப்பதும், ஊசிக் காலுக்குக் கீழே துணியைத் திருப்பிக் கொடுப்பதும் இடது கைதான். விறைத்த நடுவிரல் எல்லா மடிப்பிலும் போய் இடித்தது.

டெனோலிசிஸ் செய்யலாமா என்று முடிவெடுக்க உதவிய சோதனையை எல்லாரும் தெரிந்துவைத்திருக்க வேண்டும். தங்கச்சி சொன்னாள்: "அக்கா, வலக்கையால அந்த விரலை மடக்குங்கோ. சரி, இப்ப விட்டுட்டு நீங்களா மடக்கிப் பாருங்கோ." மற்றக் கையால் மடக்கும்போது விரல் உள்ளங்கையைத் தொட்டது. நானாக மடக்கினால் பாதியில் நின்றது. மூட்டின் மேல் பாகைமானியை வைத்து இரண்டையும் தனித்தனியாக அளந்து எழுதினாள். இந்த இரண்டு அளவுக்கும் இடையில் உள்ள வித்தியாசம்தான் முக்கியம். மூட்டு இளக்கமாக இருந்தும் தானாக மடங்கவில்லை என்றால், தசைநாண் எங்கோ மாட்டியிருக்கிறது, விடுவித்தால் பலன் உண்டு. மற்றக் கையால் மடக்கினாலும் மடங்கவில்லை என்றால் மூட்டே இறுகிவிட்டது, முதலில் அதை இளக்க வேண்டும். ஆகவே சத்திரசிகிச்சைக்குக் காத்திருக்கும் மாதங்கள் சும்மா இருக்கும் மாதங்கள் இல்லை. தைத்த தசைநாணுக்குப் பலம் வர வேண்டும், தழும்பு சிவப்பும் கடினமும் குறைந்து மெதுமையாக வேண்டும், மூட்டுகள் இளக வேண்டும். பொதுவாக முதல் சத்திரசிகிச்சை முடிந்து குறைந்தது 3 மாதமாவது போகவேண்டும், பலருக்கு 6 மாதம் வரை பொறுக்கச் சொல்வார்கள். நான் அந்தக் காலம் முழுக்கத் தேங்காய் எண்ணெய் தொட்டுத் தழும்பை உருவினேன், மற்றக் கையால் மடக்கிக்கொண்டே இருந்தேன்.

மாமிக்கு மனம் கேட்கவில்லை. முறிவு நெரிவு பார்க்கிற பரியாரியிடம் போய் எண்ணெய் போட்டு இழுத்தால் சரிவரும் என்றார். எலும்பு முறிவுக்கு அவர்களிடம் போய்ச் சுகப்பட்ட ஆட்கள் எங்கள் குடும்பத்திலேயே இருக்கிறார்கள், அந்த நம்பிக்கையை நான் மதிக்கிறேன். ஆனால் தைத்த தசைநாணைப் பலமாக இழுத்தால் அது திரும்ப அறுந்துவிடலாம். மாமியையும் கிளினிக்குக்குக் கூட்டிப் போனேன். படம் வரைந்து காட்டிய பிறகு அவரே "வேண்டாம் பிள்ளை" என்று சொல்லிவிட்டார். பிறகு தையல் வெட்ட முந்தியே கன்னியா வெந்நீரில் கையை வைக்கச் சொன்னவர்களும் உண்டு. காயம் மூடாமல் எந்தத் தண்ணீரிலும் கையை ஊறவைக்கக்கூடாது, சூடு வீக்கத்தையும் கூட்டும்.

அதே கிளினிக்கில் ஓர் அம்மாவுக்கு நீரிழிவு, விரல் மடங்கி "டக்" என்று மாட்டிக்கொள்ளும். அவருக்குச் செய்ததையும் எனக்குச் செய்ததையும் ஒன்றென்று நினைத்துக் கதைத்துக்கொண்டிருந்தோம். அது வேறு. தசைநாணை எலும்போடு அணைத்துப் பிடிக்கிற வளையங்கள் அந்த உறையில் இருக்கின்றன. அவருக்கு உறையின் வாசலில் உள்ள ஒரு வளையத்தை மட்டும் வெட்டிவிட்டார்கள், கொஞ்ச நேர வேலை. எனக்கு வளையங்களைக் காப்பாற்றிக்கொண்டு உள்ளே இருப்பதைப் பிரிக்க வேண்டும்.

என்னைக் கண்டிக்கு அனுப்பினார்கள். கந்தளாய், ஹபரணை, தம்புள்ளை, மாத்தளை என்று நீளமான பஸ் பயணம். அங்கே டொக்டர் முதலில் என் கட்டைவிரலையும் சின்னவிரலையும் ஒன்றோடொன்று தொடச் சொல்லி, மணிக்கட்டை மடக்கச் சொன்னார். மணிக்கட்டின் நடுவில் ஒரு தசைநாண் கயிறு மாதிரி எழும்பி நின்றது. அது எல்லாருக்கும் இருப்பதில்லையாம், இல்லாதவர்களுக்கும் கையில் ஒரு குறையும் தெரியாதாம். திறந்து பார்க்கும்போது என் தசைநாண் பழுதாகி நூலாகக் கிடந்தால், அதைத் தூக்கிவிட்டு சிலிக்கோன் தண்டொன்றை வைத்து மூடுவார்கள். சில மாதம் கழித்து அந்தக் கயிற்றை எடுத்து விரலுக்குள் பொருத்துவார்கள். இதற்கும் சேர்த்துத்தான் சம்மதக் கையெழுத்துக் கேட்டார்கள். விடுவித்த தசைநாண் பிறகு அறுந்துபோகலாம், திரும்ப ஒட்டியும் போகலாம் என்றும் சொன்னார்கள். வாட்டில் இருந்த தமிழ் மருத்துவ மாணவி எனக்கு ஒவ்வொரு வரியாகச் சொன்னாள். மொழி விளங்காவிட்டால் விளங்கும்வரை கேளுங்கள். அங்கே ஒருவரும் என்னைக் கோபிக்கவில்லை.

மயக்கமில்லாமல் செய்தார்கள். விறைப்பு மருந்தோடு அட்ரினலின் கலந்து உள்ளங்கையிலும் விரலிலும் ஊசி போட்டு, அரை மணித்தியாலமளவு காத்திருக்க வைத்தார்கள். விரலில் அட்ரினலின் போட்டால் விரல் செத்துவிடும் என்று பல காலமாகப் படிப்பித்து வந்தார்களாம். கனடாவின் டொனால்ட் லலோண்ட் போன்றவர்கள் அது தவறு என்று காட்டிய பிறகுதான் இந்த முறை பரவியது. அட்ரினலின் இரத்தக் கசிவைக் குறைத்துவிடும், அதனால் மேற்கையில் இறுக்கப் பட்டி கட்டத் தேவையில்லை. முக்கியமானது, ஆள் விழித்திருப்பதால் மேசையிலேயே மடக்கிக் காட்டலாம்.

விரலில் வளைந்து வளைந்து போகும் வெட்டு. நேராக வெட்டினால் தழும்பு இழுத்து விரலை வளைத்துவிடும். நோவு இல்லை, யாரோ இழுப்பது மட்டும் தெரிந்தது. கொஞ்ச நேரத்தில் டொக்டர் தனக்குத் தெரிந்த தமிழில், "அம்மா, மடக்கு" என்றார். மடக்கினேன். "இன்னும்." மறுபடி எதையோ பிரித்தார். "இப்ப மடக்கு." பார்க்க விருப்பமா என்று கேட்டுத் துணியை விலக்கினார்கள். திறந்த விரலுக்குள் பளபளவென்று வெள்ளையாக ஒரு நாடா, அதைக் குறுக்கே பிடித்திருக்கும் வளையங்கள். நான் நினைக்க நினைக்க அந்த நாடா வளையங்களுக்குக் கீழால் பின்னால் ஓடியது, விரல் நுனி உள்ளங்கையில் வந்து தொட்டது. டொக்டர் அந்த வளையங்களைக் காட்டி, இதில் இரண்டு கட்டாயம் இருக்க வேண்டும், போனால் நாடா விரலை விட்டு வில்லின் நாணாக எழும்பிவிடும் என்று மாணவர்களுக்குச் சொல்லிக்கொண்டிருந்தார். இந்தளவுக்கு மடங்கும் என்பதை என் கண்ணால் பார்த்ததுதான் பிறகு வந்த கிழமைகளில் என்னைத் தூக்கி நிறுத்தியது. பயமில்லாதவர்கள் கட்டாயம் பாருங்கள்.

பெரிய வேலை இனித்தான். வேறு காயமென்றால் ஓய்வு கொடுத்து ஆறவிடுவதுதான் வழக்கம், இதில் அப்படி இல்லை. விடுவித்த இடத்தில் உடம்பு அடுத்த நாளே புதுத் தழும்பைக் கட்டத் தொடங்கிவிடும். அது இறுகுவதற்குள் தசைநாண் ஓடிக்கொண்டே இருக்க வேண்டும். எனக்கு அடுத்த நாள் காலையிலேயே கட்டைக் குறைத்துவிட்டு மடக்கச் சொன்னார்கள். காயம் பச்சையாக இருக்கும்போது மடக்குவது எப்படியிருக்கும் என்று சொல்லத் தேவையில்லை. நோவு மருந்தைப் பயிற்சிக்கு அரை மணித்தியாலம் முன்னால் குடித்துவிட வேண்டும், நோ வந்த பிறகு குடித்தால் அந்த வேளைப் பயிற்சி வீண். மற்ற நேரம் கையை நெஞ்சுக்கு மேலே உயர்த்தி வைத்திருக்க வேண்டும், தொங்கப்போட்டால் வீங்கும், வீங்கினால் மடங்காது.

பயிற்சிகளில் எனக்கு அதிகம் உதவியது இதுதான்: வலது கையால் விரலை முழுக்க மடக்கி உள்ளங்கையில் வைப்பது, பிறகு வலது கையை எடுத்துவிட்டு விரல் அங்கேயே நிற்கும்படி பிடித்து வைப்பது. முதலில் உடனே எழும்பிவிடும். பிறகு ஒரு மூச்சு நிற்கும். அடுத்தது, விரலின் நடுப்பகுதியை வலது கையால் அசையாமல் பிடித்துக்கொண்டு நுனியை மட்டும் மடக்குவது. பிறகு கொக்கி, மேசை, முழுக் கைப்பிடி என்று கையை ஒவ்வொரு வடிவமாக மாற்றுவது. விழித்திருக்கும் நேரம் முழுக்க மணித்தியாலத்துக்கொரு தடவை, ஒவ்வொன்றும் சில முறை. பலமாக அல்ல, அடிக்கடி. விடுவித்த தசைநாணுக்கு இரத்த ஓட்டம் குறைவு, அந்தக் கிழமைகளில் அது பலவீனமாக இருக்கும். வாளி தூக்குவது, துணி பிழிவது, பஸ்ஸில் கம்பியைப் பிடித்துத் தொங்குவது ஒன்றும் கூடாது. பலம் கூட்டும் பயிற்சி 6 முதல் 8 வாரம் போன பிறகுதான்.

இரண்டாம் கிழமை மனதைத் தயார்படுத்திக்கொள்ளுங்கள். முதல் நாட்களில் வந்த மடிப்பு எனக்கு அப்போது குறைந்தது. வீக்கமும் இறுக்கமும் சேர்ந்து வந்து, எல்லாம் திரும்பப் போய்விட்டது என்று இரவில் அழுதேன். தங்கச்சியிடம் காட்டியபோது, "இந்த நேரம் பலருக்கு இப்பிடித்தான் அக்கா, விடாமச் செய்யுங்கோ" என்றாள். தையல் வெட்டி, தழும்பை உருவத் தொடங்கிய பிறகு மெல்ல மெல்லத் திரும்பி வந்தது. பின்னேரங்களில் கடற்கரையில் நடந்துகொண்டே மடக்கினேன். பத்திரகாளி அம்மன் கோவில் வரிசையில் நின்றபோதும் மடக்கினேன்.

இவர் குசினியைப் பொறுப்பெடுத்ததால்தான் இது நடந்தது. சத்திரசிகிச்சைத் திகதி கிடைத்ததும் டொக்டரிடம் கேட்க வேண்டியதை விட வீட்டாரிடம் கேட்க வேண்டியதுதான் கூட: அந்த முதல் மாதம் யார் சமைப்பது, யார் உடுப்புத் துவைப்பது, யார் பிள்ளையைப் பள்ளிக்கூடம் கூட்டிப் போவது. திருகோணமலையிலிருந்து வெளியூரில் செய்துகொள்கிறவர்கள் இன்னொன்றையும் முந்தியே ஒழுங்குபண்ண வேண்டும். பயிற்சிக்காகக் கிழமைக்குக் கிழமை கண்டிக்கோ கொழும்புக்கோ போய்வர ஏலாது. உள்ளூர் பிசியோதெரபியில் முன்கூட்டியே பெயரைக் கொடுத்து, சத்திரசிகிச்சையில் என்ன செய்தார்கள், தசைநாண் எந்த நிலையில் இருந்தது, விரல் எந்தளவு மடங்கியது என்று ஒரு துண்டில் எழுதி வாங்கி வாருங்கள். அந்தத் துண்டைப் பார்த்துத்தான் இங்கே எவ்வளவு தூரம் மடக்க வைக்கலாம் என்று முடிவெடுத்தார்கள்.

இப்போது நடு மூட்டு முழுக்க மடங்குகிறது. நுனி மூட்டு மேசையில் மடங்கிய அளவுக்கு மடங்குவதில்லை, கைப்பிடி போட்டால் நுனிக்கும் உள்ளங்கைக்கும் நடுவில் ஒரு சின்ன இடைவெளி நிற்கிறது. சுருக்கு வைக்கிறேன், பாவாடை நாடா கோர்க்கிறேன், சாரி பிளவுஸின் கைவளைவைத் திருப்பித் தைக்கிறேன். அந்த மிச்சத்துக்காக இன்னொரு தடவை திறக்கலாமா என்று கடைசிக் கிளினிக்கில் கேட்டேன். திறந்தால் இருப்பதும் குறையலாம், இந்தக் கைக்கு இது போதும் என்றார் டொக்டர். நானும் சரி என்று கொப்பியை வாங்கிக்கொண்டு வந்துவிட்டேன்.