சிறை மீண்ட சிப்பாய்: கோலாலம்பூர் செந்தூல் குறிப்புகள்

ஜனவரி 10
மாதக்கணக்கில் கால்வயிறாகக் கிடந்து மீண்டவருக்கு உறவினர் முதலில் வைப்பது விருந்து. ஆபத்தே அங்கேதான். இரண்டாம் உலகப் போர் முடிவில் பட்டினியிலிருந்து மீண்ட போர்க்கைதிகள் சிலர், சோறு கிடைத்த பிறகு இறந்தார்கள். மாவுச்சத்து உள்ளே போனதும் இன்சுலின் எகிறும், ரத்தத்திலுள்ள பாஸ்பேட், பொட்டாசியம், மக்னீசியம் செல்களுக்குள் ஓடிவிடும், இதயம் தடுமாறும். அதனால் தொடக்கத்தில் நாளொன்றுக்கு, உடல் எடையில் கிலோவுக்கு 10 கலோரிக்கு மேல் கூடாது. 45 கிலோ ஆள் என்றால் 450. எலும்பும் தோலுமாக இருப்பவருக்கு அதிலும் பாதி. 4 முதல் 7 நாளில் மெல்ல ஏற்றலாம். உணவுக்கு முன்பே தயமின் (வைட்டமின் பி1) தொடங்க வேண்டும். இதெல்லாம் ஆஸ்பத்திரியில், தினசரி ரத்தப் பரிசோதனையோடு. நம் வீடுகளில் பாசத்தை அண்டாவில் அளப்பார்கள்; இனிப்பு மைலோவைக்கூட மருத்துவரைக் கேட்டுத்தான் கொடுக்க வேண்டும்.

ஜனவரி 15
கெட்ட கனவில் அலறுபவரைத் தொட்டு எழுப்பாதீர்கள், கை ஓங்கிவிடும். முதலில் விளக்கு. பிறகு கால்மாட்டில் தள்ளி நின்று, "அப்பா, நான்தான். செந்தூல் வீட்லதான் இருக்கோம்."
தலையணைக்கடியில் ரொட்டி ஒளித்தால் பிடுங்க வேண்டாம். மூடியுள்ள டின் ஒன்று கொடுங்கள், எறும்பாவது வராது.

ஜனவரி 22
போர்க்கைதிகளையும் கூலிகளையும் வைத்து ஜப்பானியர் போட்ட சயாம்-பர்மா ரயில் பாதை 1943 அக்டோபரில் இணைந்தது. அங்கே உழைத்த பிரிட்டிஷ் கைதிகள் சிலரின் குடலில் பல பத்தாண்டுகள் கழித்தும் ஸ்ட்ராங்கிலாய்டஸ் புழு இருந்தது. வெறுங்கால் வழியே மண்ணிலிருந்து ஏறும். உடலுக்குள்ளேயே பெருகும் என்பதால் ஊர் திரும்பினாலும் தீராது. இடுப்பு, பிட்டப் பகுதியில் நமைச்சலோடு நகரும் சிவப்புக் கோடு ஓர் அடையாளம். மலப் பரிசோதனையில் தப்பிவிடும். ரத்தத்தில் எதிர்ப்பொருள் (ஆன்டிபாடி) பார்ப்பதே மேல். சிக்கல் எப்போது? ஆஸ்துமாவுக்கோ மூட்டுவலிக்கோ பிரெட்னிசலோன் என்ற ஸ்டீராய்டு மருந்து கொடுக்கும்போது. எதிர்ப்பு சக்தி குறைந்ததும் புழு உடலெங்கும் பரவி உயிரையே எடுக்கும். ஸ்டீராய்டு தொடங்குமுன் சிறையிருந்த இடத்தை மருத்துவரிடம் சொல்லுங்கள். மருந்து ஐவர்மெக்டின், கிலோவுக்கு 200 மைக்ரோகிராம். 60 கிலோவுக்கு 12 மில்லிகிராம். எத்தனை வேளை என்பதை மருத்துவர் முடிவு செய்வார்.
இங்கே மலாயாத் தோட்டங்களிலிருந்து அந்த ரயில் வேலைக்குப் போன தமிழர்களும் அதே சேற்றில்தான் நின்றார்கள். அவர்களில் எத்தனை பேரை யார் சோதித்தார்கள்?

ஜனவரி 26
வியட்நாம் போரின்போது ஹனோய் சிறையில் அமெரிக்கக் கைதிகள் சுவரில் தட்டிப் பேசினார்கள். ஆங்கில எழுத்துகளுக்கு ஐந்துக்கு ஐந்து கட்டம். முதல் தட்டு வரிசை, அடுத்தது நிரல். 'கே'க்கு இடமில்லை, 'சி'யே போதும். 1973-இல் அந்தப் போரிலிருந்து விடுதலையாகித் திரும்பிய அமெரிக்கக் கைதிகள் மொத்தம் 591 பேர். தனியறையிலும் பேச்சுத்துணை விடாத பழக்கம் அந்தத் தட்டல். வீடு திரும்பியவருக்கும் தினம் ஒரே நேரத்தில் பழைய படைத்தோழர் ஒருவரின் அழைப்பு வரட்டும். இரண்டு நிமிடம் போதும், நலம் விசாரிக்கக்கூட வேண்டாம்.

ஜனவரி 29
தைப்பூசம் நெருங்குகிறது. பத்துமலைக்கு வர விரும்பினால் கூட்டம் சேருமுன் போய்விடுங்கள். மேளம் எப்போது, எந்தப் பக்கம் என்று முன்பே சொல்லிவிடுங்கள். திடீர்ச் சத்தம்தான் தூக்கிவாரிப் போடும். ஓரமாக, வெளியேறும் வழி கண்ணில் படும்படி நிற்கட்டும். "போலாம்" என்றால் காரணம் கேட்காமல் கிளம்புங்கள்.