சொர்க்கவாசல் பார்த்தாச்சு

1999 நவம்பர் 17. சென்னை மத்திய சிறைக் கைதி பாக்ஸர் வடிவேலு இறந்துபோகிறார். அடித்துக் கொன்றுவிட்டார்கள் என்று உள்ளே பேச்சு பரவ, கலவரம் வெடிக்கிறது. துணை ஜெயிலர் ஒருவர் எரித்துக் கொல்லப்பட்டார். போலீஸ் சுட்டதில் கைதிகள் பலர் செத்தார்கள். இந்தச் சம்பவத்தின் பாதிப்பில் எடுத்த படம்தான் 2024-இல் வந்த 'சொர்க்கவாசல்'. இயக்கம் சித்தார்த் விஸ்வநாத்.

செய்யாத கொலைக்காக உள்ளே போகும் சாதாரண ஆள் ஆர்.ஜே.பாலாஜி. வழக்கமான வாய் இல்லாமல் அடங்கி நடித்திருக்கிறார், நம்பவே முடியவில்லை. தாதாவாக வரும் செல்வராகவன் சும்மா உட்கார்ந்திருந்தாலே பயமாக இருக்கிறது. கருணாஸுக்கும் நல்ல வேடம்.

என்னை உலுக்கியது கலவரக் காட்சி இல்லை. தீர்ப்பு எதுவும் வராமலேயே ஒருவன் கொஞ்சம் கொஞ்சமாகக் கைதியாக மாறுகிறானே, அதுதான். இந்தியச் சிறைகளில் இருப்பவர்களில் ஏறக்குறைய நான்கில் மூன்று பேர் விசாரணைக் கைதிகள். ஜாமீன் கிடைத்தும் பணம் கட்ட வழியில்லாமல் உள்ளேயே கிடப்பவர்களும் அதில் உண்டு. படம் இதைப் பிரசங்கமாகச் சொல்லவில்லை, நல்லவேளை.

குறையும் இருக்கிறது. விசாரணை ஆணையத்தின் முன் ஆளுக்கொரு வாக்குமூலமாகக் கதை நகர்வதால், கவனம் சிதறினால் யார் எந்தப் பக்கம் என்று குழம்பும். இரண்டாம் பாதியில் ரத்தம் கொஞ்சம் அதிகம்தான்.

அப்புறம், அந்தச் சிறையைத் தேடாதீர்கள். 2006-இல் புழலுக்கு மாற்றி, 2009-இல் பழைய கட்டடத்தை இடித்துவிட்டார்கள். படம் நெட்ஃபிளிக்ஸில் வந்தது. குழந்தைகளைத் தூங்க வைத்துவிட்டுப் பாருங்கள்.